ஆட்டோ கிளிக்கர் ஒரு சாளரத்தில் சொடுக்குகிறது, இன்னொன்றில் அசைவதே இல்லை

தாமரைஇலை எழுதியது:

வணக்கம். ஸ்கேன் செய்யப்பட்ட பழைய பக்கங்களின் படங்களை ஒவ்வொன்றாகப் பார்த்து, தெளிவாக இருந்தால் "ஏற்க" என்னும் பொத்தானை அழுத்தி அடுத்ததற்குச் செல்லும் வேலை ஒன்றை ஏற்றிருக்கிறேன். மொத்தம் 4,200 படங்கள். பாதி ஒரு பழைய படக்காட்டி மென்பொருளிலும் மீதி உலாவியில் திறக்கும் ஒரு பக்கத்திலும் உள்ளன. முதல் 300 படங்களுக்குள்ளேயே வலது மணிக்கட்டு வலிக்கத் தொடங்கிவிட்டது. ஆகவே எக்ஸ்கிளிக்கர் என்னும் திறந்த மூல ஆட்டோ கிளிக்கரை நிறுவி, நான்கு விநாடிக்கு ஒரு சொடுக்கு என்று அமைத்தேன். பழைய படக்காட்டியில் அது குறையின்றி வேலை செய்கிறது. உலாவியின் மேல் அம்புக்குறியைக் கொண்டுபோனால் எதுவுமே நடப்பதில்லை. பிழைச்செய்தியும் வருவதில்லை. மென்பொருளை நீக்கி மீண்டும் நிறுவியும் பார்த்துவிட்டேன். நான் பயன்படுத்துவது லினக்ஸில் க்னோம் மேசைச்சூழல். காரணம் என்னவாக இருக்கும்?

முனையவாசி எழுதியது:

நீங்கள் சொன்ன அறிகுறியிலேயே விடை இருக்கிறது. அமைப்புகளில் கணினியைப் பற்றிய பக்கத்தைத் திறந்து, சாளர முறைமை (திரையில் சாளரங்களையும் அவற்றுக்கு வரும் உள்ளீட்டையும் கையாளும் அடுக்கு) என்ற வரியில் என்ன எழுதியிருக்கிறது என்று பாருங்கள். வேலாண்ட் என்று இருக்கும் என்பது என் ஊகம்.

எக்ஸ்கிளிக்கர், எக்ஸ்டூடூல் போன்றவை வேலாண்டுக்கு முந்தைய சாளர முறைமையான எக்ஸ்11க்காக எழுதப்பட்டவை. எக்ஸ்11 வெளிவந்த ஆண்டு 1987. ஒரு திரையில் இயங்கும் மென்பொருள்கள் ஒன்றையொன்று நம்பலாம் என்ற எண்ணம் நிலவிய காலம் அது. எக்ஸ்டெஸ்ட் என்ற நீட்டிப்பின் வழியாக எந்த மென்பொருளும் எக்ஸ் சேவையகத்திடம் "இதோ இடது பொத்தான் அழுத்தப்பட்டது" என்று சொல்லலாம். சேவையகமும் அதை உண்மையான மவுஸிலிருந்து வந்ததாகவே ஏற்றுக்கொண்டு, அம்புக்குறிக்குக் கீழே உள்ள சாளரத்துக்கு அனுப்பிவிடும். வேலாண்டில் இந்த வாசல் வேண்டுமென்றே வைக்கப்படவில்லை. அங்கே ஒரு சாளரம் தனக்கு வரும் உள்ளீட்டை மட்டுமே பெறும். மற்றொரு சாளரத்துக்கு உள்ளீட்டை அனுப்பவோ அதற்கு வருவதை ஒட்டுக்கேட்கவோ அதற்கு வழியில்லை.

அப்படியானால் படக்காட்டியில் மட்டும் எப்படி வேலை செய்கிறது என்று கேட்பீர்கள். அந்தப் பழைய மென்பொருளுக்கு வேலாண்டில் பேசத் தெரியாது. ஆகவே எக்ஸ்வேலாண்ட் என்னும் இடைத்தரகர் அதற்காகவே ஓர் எக்ஸ் சேவையகத்தை ஓட்டிக்கொண்டிருக்கிறது. ஆட்டோ கிளிக்கரும் அதே சேவையகத்தில்தான் இணைந்திருக்கிறது. இருவரும் ஒரே அறைக்குள் இருப்பதால் குரல் கேட்கிறது. உலாவியோ வேலாண்டிலேயே நேரடியாக ஓடுகிறது, அதாவது வேறு அறை. நீங்கள் நூறு முறை மீண்டும் நிறுவினாலும் இது மாறாது.

தாமரைஇலை எழுதியது:

சரியாகச் சொன்னீர்கள், வேலாண்ட் என்றுதான் இருக்கிறது. இரண்டு ஆண்டுகளுக்கு முன் இதே கணினியில் வேறொரு பணிக்காக எக்ஸ்டூடூல் பயன்படுத்தியபோது எல்லாச் சாளரங்களிலும் வேலை செய்ததே என்று குழம்பியிருந்தேன். இடையில் இயங்குதளத்தை மேம்படுத்தியது நினைவுக்கு வருகிறது. உள்நுழையும் திரையில் எக்ஸ்11 அமர்வைத் தேர்ந்தெடுத்தால் போதுமா?

முனையவாசி எழுதியது:

அந்தத் தேர்வு உங்கள் உள்நுழைவுத் திரையில் இருந்தால் போதும். ஆனால் அதை நம்பி நீண்ட காலத் திட்டம் எதுவும் போடாதீர்கள். லினக்ஸ் வழங்கல்களில் ஃபெடோரா 2016இல் தன் 25ஆம் பதிப்பிலேயே வேலாண்டை இயல்பு அமர்வாக்கியது. உபுண்டு 17.10இல் மாறி, 18.04இல் பின்வாங்கி, 21.04இல் மீண்டும் மாறியது. க்னோமைப் போன்ற இன்னொரு மேசைச்சூழலான கேடிஇ பிளாஸ்மா 2024இல் வந்த 6ஆம் பதிப்பிலிருந்து அதையே இயல்பாகக் கொண்டிருக்கிறது. உபுண்டு 25.10இல் க்னோமுக்கான எக்ஸ் அமர்வு நீக்கப்பட்டேவிட்டது. இந்த ஒரு பணியை முடிப்பதற்கு எக்ஸ்11 அமர்வு கிடைத்தால் பயன்படுத்துங்கள். கிடைக்காவிட்டால் இயங்குதளத்தின் கருவான கெர்னல் வழியாகத்தான் போகவேண்டும்.

கெர்னல்பித்தன் எழுதியது:

அந்தக் கெர்னல் வழியை நான் விளக்குகிறேன், ஏனென்றால் பலரும் அதைப் பாதி மட்டும் தெரிந்துகொண்டு திண்டாடுகிறார்கள்.

லினக்ஸ் கெர்னலில் யூஇன்புட் என்றொரு வசதி உண்டு. ஒரு மென்பொருள் அதைத் திறந்து, "நான் ஒரு மவுஸ், எனக்கு மூன்று பொத்தான்கள் உண்டு" என்று அறிவித்தால், கெர்னல் உண்மையிலேயே ஒரு மெய்நிகர் மவுஸை உருவாக்கிவிடும். அதற்கு மேலே இருக்கும் அடுக்குகள் எவையும், அது எக்ஸ்11 ஆகட்டும் வேலாண்ட் ஆகட்டும், யூஎஸ்பி துளையில் செருகிய மவுஸுக்கும் இதற்கும் வேறுபாடு பார்ப்பதில்லை. ஒய்டூடூல், டூடூல் ஆகிய இரண்டு கருவிகளும் இந்த வழியில்தான் இயங்குகின்றன. எனவே எந்தச் சாளரம் என்ற கேள்வியே எழாது.

ஒய்டூடூலில் இரண்டு பகுதிகள் உள்ளன. பின்னணியில் ஓடும் சேவை மெய்நிகர் மவுஸைப் பிடித்து வைத்திருக்கும், நீங்கள் தட்டும் கட்டளை அந்தச் சேவைக்குச் செய்தி அனுப்பும். இப்படிப் பிரித்ததற்குக் காரணம் இருக்கிறது. புதிய மவுஸ் ஒன்று தோன்றியதும் மேசைச்சூழல் அதை அடையாளம் காணச் சிறிது நேரம் பிடிக்கும். ஒவ்வொரு சொடுக்குக்கும் ஒரு மவுஸை உருவாக்கி அழித்துக்கொண்டிருந்தால், அந்த இடைவெளியில் அனுப்பிய சொடுக்கு காற்றோடு போய்விடும். ஆகவே பின்னணிச் சேவையைத் தொடங்காமல் கட்டளையை மட்டும் ஓட்டிவிட்டு வேலை செய்யவில்லை என்று இங்கே வந்து எழுதாதீர்கள். வாரம் ஒருவர் எழுதுகிறார்.

இன்னொரு பொறி, பொத்தான் எண். எக்ஸ்டூடூலில் இடது பொத்தான் 1, நடுப்பொத்தான் 2, வலது 3. ஒய்டூடூலின் தொடக்கப் பதிப்புகளும் இதைப் போன்ற எளிய எண்களையே ஏற்றன. 1.0 பதிப்பு முதல் முறை மாறிவிட்டது. இடது பொத்தானுக்கு 0, வலதுக்கு 1, நடுவுக்கு 2. அதனோடு, பதினறும எண்முறையில், அழுத்துவதற்கு 40ஐயும் விடுவதற்கு 80ஐயும் கூட்டவேண்டும். இரண்டையும் கூட்டினால்தான் ஒரு முழுச் சொடுக்கு. பழைய வழிகாட்டிகளைப் பார்த்து வெறும் 1 என்று கொடுத்தால், பிழையும் வராது, சொடுக்கும் விழாது.

பூட்டுச்சாவி எழுதியது:

இதில் யாரும் பேசாத பகுதியை நான் பேசியாகவேண்டும். யூஇன்புட் கோப்பைத் திறக்க இயல்பாக நிர்வாகிக்கு மட்டுமே அனுமதி உண்டு. இதைத் தாண்டுவதற்கு இணையத்தில் பரவலாகத் தரப்படும் அறிவுரை, பயனரை "இன்புட்" குழுவில் சேர்த்துவிடுங்கள் என்பதுதான். அந்தக் குழுவில் சேர்ந்த கணமே, உங்கள் பெயரில் ஓடும் ஒவ்வொரு மென்பொருளும் விசைப்பலகையிலிருந்து வரும் ஒவ்வொரு தட்டலையும் நேரடியாகப் படிக்க முடியும், கடவுச்சொற்கள் உட்பட. வேலாண்ட் எந்தக் கதவை அடைத்ததோ, அதன் பக்கத்துச் சுவரையே இடித்துவிடுகிறீர்கள். ஒரு பொத்தானைச் சொடுக்குவதற்கு இது தேவையா?

கெர்னல்பித்தன் எழுதியது:

குழுவில் சேர்ப்பது தவறு என்பதில் எனக்கும் மாறுபாடில்லை. நான் அதைப் பரிந்துரைக்கவும் இல்லை. கருவிக் கோப்புகளின் அனுமதிகளை அமைக்கும் யூடெவ்வுக்கு விதி ஒன்றை எழுதி, யூஇன்புட் கோப்புக்கு மட்டும் "யூஅக்சஸ்" என்னும் குறியை இட்டால், கணினியின் முன்னால் அமர்ந்து உள்நுழைந்திருக்கும் பயனருக்கு அந்த ஒரு கோப்பின் அனுமதி மட்டும் கிடைக்கும். விசைப்பலகையைப் படிக்கும் உரிமை அதனோடு வராது. விளையாட்டுக் கட்டுப்பாட்டுக் கருவிகளுக்காக ஸ்டீம் நிறுவும் விதிகளும் இதையேதான் செய்கின்றன. அதை நிறுவியவர்களின் கணினியில் இந்த அனுமதி ஏற்கெனவே இருக்கக்கூடும்.

பூட்டுச்சாவி எழுதியது:

படிக்கும் உரிமை வராது, ஒப்புக்கொள்கிறேன். எழுதும் உரிமை மட்டும் சிறியதா? மெய்நிகர் விசைப்பலகை ஒன்றை உருவாக்கி, முனையத்தைத் திறந்து, எதை வேண்டுமானாலும் தட்டச்சு செய்யலாமே. பின்னணிச் சேவையை நிர்வாகியின் பெயரில் ஓட்டிவிட்டு அதன் தொடர்புக் கோப்பை மட்டும் பயனருக்குக் கொடுப்பதும் இதே கதைதான். அந்தத் தொடர்புக் கோப்பைத் தொடக்கூடிய எவரும் சேவையைத் தங்கள் கையாகப் பயன்படுத்தலாம்.

கெர்னல்பித்தன் எழுதியது:

உங்கள் பயனர் பெயரில் தீங்கான மென்பொருள் ஒன்று ஏற்கெனவே ஓடுகிறது என்றால், அது உங்கள் கோப்புகளை அழிக்க மெய்நிகர் விசைப்பலகை எதற்கு? நேரடியாகவே அழித்துவிடுமே. நிர்வாகிக் கடவுச்சொல்லை ஒருமுறை கொடுத்துவிட்டுத் திறந்தபடி விட்ட முனையம்தான் உண்மையான ஆபத்து என்பேன். ஆனாலும் உங்கள் கவலையில் நியாயம் இருக்கிறது. பணி முடிந்ததும் அந்த விதியை நீக்கிவிடுவது நல்லது.

முனையவாசி எழுதியது:

இந்த வழக்குக்கு முறையான தீர்ப்பு லிப்இஐ என்னும் நூலகம். ஒரு மென்பொருள் உள்ளீட்டைப் போலியாக உருவாக்க விரும்பினால், மேசைச்சூழலிடம் முறையாகக் கேட்கவேண்டும். மேசைச்சூழல் பயனரிடம் ஓர் அனுமதிப் பெட்டியைக் காட்டும். பயனர் ஒப்புக்கொண்டால் மட்டும் சொடுக்குகள் உள்ளே வரும், வேண்டாதபோது நிறுத்தவும் முடியும். அதன் 1.0 பதிப்பு 2023இல் வந்தது. அதே ஆண்டில் வந்த எக்ஸ்வேலாண்ட் 23.2, எக்ஸ்டெஸ்ட் வழியாக வரும் போலிச் சொடுக்குகளையும் இந்த வழியில் திருப்பிவிடும் திறனைப் பெற்றது. ஆகவே சிலருடைய கணினியில் எக்ஸ்டூடூலை ஓட்டினால் தொலைக் கட்டுப்பாட்டுக்கு அனுமதி கேட்கும் பெட்டி திடீரென்று எழுகிறது. வைரஸ் என்று பதறிய ஒருவரை எனக்குத் தெரியும். ஆனால் எக்ஸ்வேலாண்ட் பொதி அவ்வாறு தொகுக்கப்பட்டிருக்கவேண்டும், மேசைச்சூழலும் ஒத்துழைக்கவேண்டும். தாமரைஇலைக்குப் பிழைச்செய்தியும் பெட்டியும் வரவில்லை என்பதால், அவருடைய கணினியில் இது இல்லை என்று கொள்ளலாம்.

மெல்லடி எழுதியது:

நீங்கள் மூவரும் அடுக்குகளைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறீர்கள், கேட்டவரின் மணிக்கட்டைப் பற்றி ஒருவரும் பேசவில்லை. எனக்கும் கை வலி நெடுநாளாக உண்டு என்பதால் தெரிந்ததைச் சொல்கிறேன்.

க்னோம் அமைப்புகளில் அணுகல்தன்மைப் பகுதியில் "நிலைத்தால் சொடுக்கு" என்ற பொருளில் ஒரு வசதி இருக்கிறது. அம்புக்குறியை ஓரிடத்தில் கொண்டுவந்து நிறுத்தினால், நாம் குறித்த நேரத்துக்குப் பின் அதுவே சொடுக்கிவிடும். மேசைச்சூழலே செய்வதால் அனுமதித் தொல்லை எதுவும் இல்லை, எல்லாச் சாளரங்களிலும் வேலை செய்யும். ஒரு குறை என்னவென்றால், ஒருமுறை சொடுக்கியபின் அம்புக்குறியைச் சற்று அசைத்தால்தான் மறுமுறை சொடுக்கும். ஓரிடத்திலேயே 4,000 முறை சொடுக்க இது பொருந்தாது. பல இடங்களில் சொடுக்கும் அன்றாட வேலைக்கு இதைவிட நல்ல உதவி எனக்குக் கிடைத்ததில்லை.

இன்னொன்று கேட்கிறேன். அந்தப் பழைய படக்காட்டியில் "ஏற்க" பொத்தானின் மேல் தாவல் விசையால் நின்றுகொண்டு, இடைவெளி விசையைத் தட்டிப் பார்த்தீர்களா? பெரும்பாலான மேசைக்கணினி மென்பொருள்களில் அது சொடுக்குக்கு ஈடானது. அதை இடது கையாலும் தட்டலாம்.

தாமரைஇலை எழுதியது:

இப்போதுதான் தட்டிப் பார்த்தேன். வேலை செய்கிறது! பாதிப் பணிக்கு எனக்கு ஆட்டோ கிளிக்கரே தேவையில்லை என்று நான்கு நாள் கழித்துத் தெரிந்துகொள்வது சற்று வெட்கமாகத்தான் இருக்கிறது. உலாவிப் பக்கத்தில் மட்டும் ஒவ்வொரு படமும் மாறும்போது பொத்தானின் மேல் இருந்த குவியம் போய்விடுகிறது, ஒவ்வொரு முறையும் தாவல் விசையைப் பதினொரு தடவை அழுத்தவேண்டியிருக்கிறது. ஆகவே அந்தப் பாதிக்கு ஒய்டூடூலை முயல்கிறேன்.

குதிரைவேகம் எழுதியது:

இடையில் நுழைவதற்கு மன்னிக்கவும். நான் ஒய்டூடூலை 5 மில்லி விநாடி இடைவெளியில் ஓட்டுகிறேன். விநாடிக்கு 200 சொடுக்கு விழவேண்டும், ஆனால் எண்ணிப் பார்த்தால் மிகக் குறைவாகவே விழுகிறது. எக்ஸ்11 அமர்வில் எக்ஸ்டூடூல் இதைவிட நன்றாகச் செய்கிறது. யூஇன்புட் அவ்வளவு மெதுவானதா?

கெர்னல்பித்தன் எழுதியது:

யூஇன்புட் மெதுவானது அன்று. அதற்கு மேலே அமர்ந்திருக்கும் லிப்இன்புட் என்னும் உள்ளீட்டு நூலகம் உங்கள் சொடுக்குகளை விழுங்குகிறது. தேய்ந்த மவுஸ் பொத்தான் ஒருமுறை அழுத்தினாலே இரண்டு மூன்று முறை துடிக்கும். அதைச் சமாளிக்க லிப்இன்புட், ஒரு பொத்தானின் நிலை மாறியபின் ஏறத்தாழ 25 மில்லி விநாடிக்குள் வரும் அடுத்த மாற்றங்களைத் துடிப்பு என்று கருதி ஒதுக்குகிறது. உங்கள் மெய்நிகர் மவுஸ் அதன் கண்ணுக்கு மிக மோசமாகத் தேய்ந்த மவுஸாகத் தெரிகிறது. எக்ஸ்டெஸ்ட் சொடுக்குகள் லிப்இன்புட்டைக் கடக்காமல் நேரே சேவையகத்துக்குள் நுழைவதால் அங்கே இந்த வடிகட்டல் இல்லை.

அதோடு, விநாடிக்கு 60 முறை புதுப்பிக்கப்படும் திரையில் ஒரு சட்டகத்துக்கு 16.7 மில்லி விநாடி ஆகிறது. பல மென்பொருள்கள் ஒரு சட்டகத்துக்கு ஒருமுறைதான் உள்ளீட்டைக் கவனிக்கின்றன. அதைவிட வேகமாகச் சொடுக்கி நீங்கள் அடையப்போவது செயலி வெப்பமடைவது மட்டும்தான். இணைய விளையாட்டுக்காகக் கேட்கிறீர்கள் என்றால், முதலில் அந்த விளையாட்டின் விதிகளைப் படியுங்கள். ஆட்டோ கிளிக்கரைப் பயன்படுத்துவோரின் கணக்கை முடக்குபவை பல உண்டு.

தாமரைஇலை எழுதியது:

நானும் வேகத்தில் ஒரு பாடம் கற்றேன். சோதித்துப் பார்க்கக் கோப்பு மேலாளரின் மேல் 200 மில்லி விநாடி இடைவெளியில் ஓட்டினேன். சொடுக்குகள் இரண்டிரண்டாகச் சேர்ந்து இரட்டைச் சொடுக்காகி, ஒரே கோப்பு பதினான்கு சாளரங்களில் திறந்துகொண்டது. நிறுத்தலாம் என்று பார்த்தால் முனையத்தின் மேல் அம்புக்குறியைக் கொண்டுபோகவே முடியவில்லை, போகும் வழியில் எல்லாம் சொடுக்கிக்கொண்டே இருந்தது. கடைசியில் மின்பொத்தானை அழுத்திக் கணினியை அணைத்தேன்.

முனையவாசி எழுதியது:

ஜிடிகே (க்னோம் பயன்படுத்தும் இடைமுக நூலகம்) மென்பொருள்களில் இயல்பாக 400 மில்லி விநாடிக்குள் ஓரிடத்தில் விழும் இரண்டு சொடுக்குகள் இரட்டைச் சொடுக்காகக் கொள்ளப்படும். ஆகவே அரை விநாடிக்குக் குறையாமல் வைத்துக்கொள்ளுங்கள். நான்கு விநாடி என்பதில் சிக்கல் இல்லை.

மின்பொத்தானைத் தொடத் தேவையில்லை. கன்ட்ரோல், ஆல்ட், எஃப்3 ஆகிய மூன்று விசைகளையும் சேர்த்து அழுத்தினால் எழுத்து மட்டும் உள்ள முனையம் திறக்கும். சொடுக்குகள் அங்கே உங்களைத் தொல்லை செய்யாது. உள்நுழைந்து அந்தச் செயல்முறையைக் கொன்றுவிட்டுத் திரும்பி வரலாம். இதைவிட முக்கியம், தொடங்கும் முன்பே நிறுத்தும் வழியை அமைத்துக்கொள்வது. எக்ஸ்11இல் ஆட்டோ கிளிக்கர்கள் தாமே ஒரு குறுக்குவிசையைக் கவனித்துக்கொண்டிருக்கும். வேலாண்டில் பிற சாளரங்களுக்குச் செல்லும் விசைகளை அவை கேட்க முடியாது என்பதால் அந்த வசதியும் சேர்ந்தே பழுதாகிறது. அதனால், க்னோம் அமைப்புகளில் விசைப்பலகைக் குறுக்குவழிகள் பகுதியில் நீங்களே ஒரு விசையைச் சேர்த்து, அதில் ஒரு சிறு ஷெல் நிரலை இணையுங்கள். கிளிக்கர் ஓடிக்கொண்டிருந்தால் நிறுத்து, இல்லையென்றால் தொடங்கு என்ற ஒரே நிபந்தனைதான் அந்த நிரலுக்குத் தேவை. முடிவற்று ஓடவிடாமல் ஒரு தடவைக்கு இத்தனை சொடுக்கு என்று எண்ணிக்கையும் கொடுத்துவிடுங்கள்.

கெர்னல்பித்தன் எழுதியது:

அப்படிக் கொல்லும்போது அழுத்தலுக்கும் விடுதலுக்கும் இடையில் சிக்கினால், பொத்தான் அழுத்தியபடியே நின்றுவிடும். அம்புக்குறி போகும் இடமெல்லாம் எழுத்துகள் தேர்ந்தெடுக்கப்படுவதைப் பார்த்தால் அதுதான் நடந்திருக்கிறது என்று அறியலாம். ஒய்டூடூலில் பின்னணிச் சேவையை மறுதொடக்கம் செய்தால் போதும். மெய்நிகர் மவுஸ் மறைந்ததும் அழுத்தப்பட்டிருந்த பொத்தான்களைக் கெர்னலே விடுவித்துவிடும். எக்ஸ்டூடூலில் இடது பொத்தானை விடச்சொல்லும் கட்டளையைத் தனியாகக் கொடுக்கவேண்டும்.

பூட்டுச்சாவி எழுதியது:

எனக்கு இன்னொரு ஐயம், இது பாதுகாப்பு பற்றியது அன்று. படம் தெளிவாக இருந்தால் மட்டும் ஏற்கவேண்டும் என்றீர்கள். நான்கு விநாடிக்கு ஒருமுறை தானாகவே ஏற்றுக்கொண்டு போகும் கருவியிடம் அந்த முடிவை எப்படி ஒப்படைப்பீர்கள்? தும்மினால்கூட ஒரு மங்கலான படம் ஏற்கப்பட்டுவிடுமே.

தாமரைஇலை எழுதியது:

நல்ல கேள்வி, இதை நானும் யோசித்தேன். கண்கள் திரையிலேயே இருக்கும், இடது கை அந்தக் குறுக்குவிசையின் மேலேயே இருக்கும். ஐயம் தரும் படம் வந்தால் நிறுத்திவிட்டு, பார்த்து முடிவு செய்து, மீண்டும் தொடங்குவேன். இடைவெளியை ஆறு விநாடியாக உயர்த்தி, ஒரு தடவைக்கு 50 சொடுக்கு என்று வரம்பு வைத்திருக்கிறேன். 50 முடிந்ததும் அந்தத் தொகுதியை ஒருமுறை பின்னோக்கிப் பார்த்துக்கொள்கிறேன். இரண்டு முறை தவறாக ஏற்றதைத் திரும்பப் பெறவும் நேர்ந்தது.

ஒரு சிக்கல் மட்டும் பாக்கி. யூடெவ் விதியை எழுதி, கோப்புக்கு 99 என்று தொடங்கும் பெயர் வைத்து, கணினியையும் மறுதொடக்கம் செய்துவிட்டேன். ஆனாலும் பின்னணிச் சேவை அனுமதி இல்லை என்று சொல்லி நின்றுவிடுகிறது. இப்போதைக்கு நிர்வாகி உரிமையோடுதான் ஓட்டுகிறேன்.

கெர்னல்பித்தன் எழுதியது:

விதிகள் கோப்புப் பெயரின் வரிசையில் படிக்கப்படுகின்றன. யூஅக்சஸ் குறியைப் பார்த்து அனுமதி வழங்கும் சிஸ்டம்டியின் (கணினியின் சேவைகளை நிர்வகிக்கும் மென்பொருள்) விதி 73 என்று தொடங்கும் கோப்பில் இருக்கிறது. நீங்கள் 99இல் குறியை இடும்போது, பார்க்கவேண்டியவர் பார்த்துவிட்டுப் போயிருப்பார். 73க்கு முந்தைய எண் ஒன்றைக் கொடுங்கள்.

தாமரைஇலை எழுதியது:

60 என்று மாற்றினேன், நிர்வாகி உரிமை இல்லாமலேயே சேவை தொடங்கிவிட்டது. பணி முடிந்ததும் அந்தக் கோப்பை நீக்கவேண்டும் என்று தாளில் எழுதித் திரையின் ஓரத்தில் ஒட்டியிருக்கிறேன், பூட்டுச்சாவி அவர்களின் நிம்மதிக்காக. உலாவிப் பகுதியில் இப்போது 1,130ஆவது படத்தில் இருக்கிறேன்.